‘விளங்க’: ஒளிபற்றிய வினையடைகள் குறித்த ஓர் அகராதித் திறனாய்வு

ஆங்கிலத்தில் ‘பிரைட்லி’ என்றொரு வினையடை உண்டு. ஒளிபற்றிய சொற்களுள் அது மிகப் பயின்று வழங்குவது. தமிழாக்கம் செய்வோர் இதற்குப் பெரும்பாலும் ‘பிரகாசமாக’ என்னும் ஒரு சொல்லையே ஈடாக இடுகின்றனர். இக்காலத்து மொழிபெயர்ப்புப் பொறிகளும் அவ்வழியே செல்கின்றன. இதனால், விளக்குப் பிரகாசமாக எரிகின்றது. சேலை பிரகாசமாக நிறமூட்டப்படுகின்றது. குழந்தை பிரகாசமாகச் சிரிக்கின்றது. மாணவன் பிரகாசமாக விடையிறுக்கின்றான். இந்நான்கனுள் முதலாவது ஒன்றே தமிழ் வழக்கு. ஏனைய மூன்றும் தமிழ்ச் சொற்களைக் கொண்டு எழுதப்பெற்ற ஆங்கில வழக்கேயாம்.

‘பிரகாசம்’ வடசொல் என்பதுபற்றி யாம் இக்குறை கூறுகின்றிலேம். அதனை அகற்றி ‘ஒளியாக’ என்று எழுதினும் குறை தீராது. குழந்தை ஒளியாகச் சிரித்தது என்பதும் அத்தன்மையதே. குறை சொல்லின் பிறப்பில் இல்லை. ஒரு மொழி பல பொருளுக்கு ஒரு சொல்லை வழங்குமாயின், மற்றொரு மொழியும் அவ்வாறே வழங்கும் என்று கொள்ளும் எண்ணத்திலேயே உள்ளது. அவ்வெண்ணம் எங்ஙனம் பிழைபடுகின்றது என்பதனையும், தமிழ் தன்னிடத்தே கொண்டுள்ள கருவிகள் யாவை என்பதனையும் ஆராய்தலே இக்கட்டுரையின் நோக்கம்.

ஆங்கிலச் சொல்லின் பொருட்பரப்பு

‘பிரைட்லி’ என்பதன் அடிச்சொல் பழைய ஆங்கிலத்தில் ஒளியைக் குறித்து நின்றது. அதன் இறுதியில் நிற்கும் ‘லி’ என்னும் விகுதி, முற்காலத்தில் உடல் அல்லது வடிவு என்னும் பொருளுடைய ஒரு பெயர்ச்சொல்லின் தேய்வு என்பர் மொழிநூலார். எனவே அச்சொல், ‘ஒளியுடையதன் வடிவினதாய்’ என்னும் கருத்தில் அமைந்ததாகும். தமிழில் இத்தகைய இடத்தில் வரும் ‘ஆக’ என்பதோ ‘ஆகு’ என்னும் வினையடியாகப் பிறந்தது. ஆங்கில விகுதி வடிவினைச் சுட்டத் தமிழ் விகுதி ஆதலைச் சுட்டுகின்றது. இவ்வேறுபாடு சிறிதெனினும் நினைவிற் கொள்ளற்பாலது.

இன்று அவ்வினையடை நான்கு பொருளில் வழங்குகின்றது. ஒன்று, ஒளி மிகுதல். இரண்டு, நிறம் கண்ணைக் கவருமாறு இருத்தல். மூன்று, முகத்தில் மகிழ்ச்சி தோன்றுதல். நான்கு, அறிவு விரைந்து செயற்படுதல். முதலிரண்டும் கட்புலனுக்கு உரியன. பின்னிரண்டும் அவற்றினின்றும் உவமையாற் கிளைத்தன. ஆங்கிலம் ஒளி என்னும் ஒரே உவமைப்புலத்தினை நான்கிடத்தும் விரித்துக்கொண்டது.

இலக்கண நூலார் நோக்கு

தொல்காப்பியம் சொல்லைப் பெயர், வினை, இடை, உரி என நான்காகப் பகுத்தது. வினையடை என்று ஐந்தாவதாக ஒரு வகை அதன்கண் இல்லை. வினையடை என்னும் குறியீடு பிற்காலத்தது. எனினும் வினையைச் சிறப்பிக்கும் சொற்கள் தமிழில் இல்லை என்பது இதனாற் பெறப்படாது. அப்பணியினை வினையெச்சங்களும் உரிச்சொற்களும் ‘என’ என்னும் இடைச்சொல்லைச் சார்ந்த குறிப்புமொழிகளும் தம்முட் பகுத்துக்கொண்டன.

ஒளிபற்றிய ஒரு சொல்லின் வகையே உரையாசிரியர்க்கு ஆராய்ச்சிக்குரியதாயிற்று என்பது ஈண்டு நோக்கத்தக்கது. ‘எல்’ என்னும் சொல்லுக்கு விளங்குதற்பொருள் கூறும் தொல்காப்பியர், அதனை உரியியலில் வையாது இடையியலில் வைத்தனர். அச்சொல் உரிச்சொல்லின் இயல்பினதாயினும் ஆசிரியர் இடையியலுள் ஓதினமையின் இடைச்சொல்லாகவே கொள்ளப்படும் என்பது சேனாவரையர் கருத்து. ஒளியைக் குறிக்கும் சொல் பெயர்போலவும் அடைபோலவும் நிற்கும் நெகிழ்ச்சியுடையது என்பது இவ்வாராய்ச்சியாற் புலனாகும். அதனோடு தொடர்புடைய ‘எல்லி’ என்பது பகலையும் இரவையும் ஒருங்கே குறித்து வழங்கியதும் அறியத்தக்கது. ‘ஒளி’ என்பதும் அத்தகையதே: பெயராய் நின்று வெளிச்சத்தினையும், வினையாய் நின்று மறைதலையும் அது குறிக்கும். ஆகலின் ஒளிபற்றிய தமிழ்ச்சொற்களை ஓர் ஆங்கிலச் சொல்லுக்கு நேர்நிறுத்தி அமைதிகொள்ளுதல் எளிதன்று.

நான்கு பொருள், நான்கு புலம்

மேற்காட்டிய நான்கு பொருளையும் தமிழ் மக்கள் எவ்வாறு கூறுகின்றனர் என்பதனை நோக்குவோம்.

ஒளி மிகுதலைக் கூறுமிடத்து ஒளிர, சுடர, மிளிர, இலங்க, துலங்க, விளங்க என்னும் எச்சங்கள் வருகின்றன. இப்புலம் விளக்கின் புலம்.

நிறத்தைக் கூறுமிடத்து, ‘பளிச்சென்று இருக்கின்றது’, ‘எடுப்பாக இருக்கின்றது’, ‘கண்ணைப் பறிக்கின்றது’ என்பர். காஞ்சிபுரத்தில் பட்டுச்சேலை வாங்குவார், உடலின் நிறத்திற்கும் கரையின் நிறத்திற்கும் உள்ள மாறுபாட்டினை நோக்கிக் கரை எடுப்பாக உள்ளது என்பர். அது பிரகாசமாக உள்ளது என்று கூறுவாரைக் காண்டல் அரிது. ‘எடுப்பு’ என்னும் சொல் ஒளியைக் குறித்ததன்று. சூழ இருப்பவற்றினின்றும் ஒன்று மேலெழுந்து தோன்றுதலைக் குறித்தது. மயிற்கழுத்து நிறம் போன்ற இருநிறப் பட்டில், பாவு ஒரு நிறமும் ஊடை மற்றொரு நிறமுமாய் அமைதலின், துணியை அசைக்குந்தோறும் நிறம் மாறித் தோன்றும். அதனை ‘மின்னுகின்றது’ என்பதினும் ‘அடிக்கின்றது’ என்பதே வழக்கு: பச்சை அடிக்கின்றது, நீலம் அடிக்கின்றது என்பர். இப்புலம் சாயத்தின் புலம்.

முகத்தின் மகிழ்ச்சியைக் கூறுமிடத்துத் தமிழர் விளக்கை விடுத்துப் பூவினிடம் செல்வர். முகமலர்ந்து வரவேற்றார் என்பதும், அகமலரக் கேட்டார் என்பதும், முறுவல் பூத்தாள் என்பதும் அவ்வழக்கின. இப்புலம் மலரின் புலம்.

அறிவைக் கூறுமிடத்துக் கூர்மை, நுண்மை என்னும் பண்புகள் வருகின்றன. கூர்மையாகக் கேட்டான், நுட்பமாக விடையிறுத்தான் என்பர். இப்புலம் கருவியின் புலம். கத்தியும் ஊசியும் இதற்கு அடிப்படை.

இப்பகுப்பு எம் விருப்பத்தால் அமைந்ததன்று என்பதற்கு மறுதலைச் சொற்கள் சான்றாகும். விளக்கு மங்கும், சாயம் வெளுக்கும், முகம் வாடும், அறிவு மழுங்கும். மங்குதல் சுடருக்கும், வெளுத்தல் துணிக்கும், வாடுதல் பூவுக்கும், மழுங்குதல் கத்திக்கும் உரியன அல்லவோ? ஆங்கிலத்திலோ ‘டல்’ என்னும் ஒரே சொல் ஏறக்குறைய இந்நான்கற்கும் மறுதலையாய் நிற்கும். ஒரு சொல்லின் புலம் யாது என ஐயம் எழுமிடத்து அதன் மறுதலையை உசாவுதல் சிறந்த அளவையாகும்.

இதற்கு ஒரு தடை எழுப்பலாம். அறிவொளி என்றும், அறிவுச்சுடர் என்றும் தமிழில் வழக்கு உண்டே; 1990களில் தமிழ்நாட்டில் நிகழ்ந்த எழுத்தறிவு இயக்கமும் அறிவொளி இயக்கம் எனவே பெயர் பெற்றதே; முகம் இருண்டது என்பதும் வழக்கன்றோ எனின், உண்மையே. எனினும் அவற்றின் நிலையினை உற்று நோக்குதல் வேண்டும். அறிவொளி என்பது பெயராய் நின்று கல்வியின் பயனைச் சுட்டுகின்றது. ஒருவன் விடையிறுக்கும் திறத்தினை அன்று. ‘அறிவொளியாக விடையிறுத்தான்’ என்பார் இலர். முகம் இருண்டது என்பதும் வினைமுற்றாய் நின்று ஒரு மாற்றத்தினைக் கூறுகின்றது. பெயரிலும் முற்றிலும் இடம்பெறும் ஓர் உவமை வினையடையிலும் இடம்பெற வேண்டும் என்னும் யாப்புறவு இல்லை. மொழிபெயர்ப்பார் தவறுவது பெரும்பாலும் இவ்விடத்தேயாம்.

‘என’ சார்ந்த குறிப்புமொழிகள்

ஒளியின் வகைகளைப் பகுத்துரைப்பதில் ஆங்கிலத்திற்கும் தமிழுக்கும் வேறொரு வேற்றுமையும் உண்டு. ஆங்கிலம் அவ்வகைகளை வினைச்சொல்லின் உள்ளேயே அடக்கும். கிளிட்டர், கிளீம், கிளிம்மர், கிளோ என ஓரெழுத்துத் தொடக்கமுடைய வினைகள் பல அதன்கண் உள. தமிழ் பெரும்பாலும் ‘மின்னுதல்’ போன்ற ஒரு பொதுவினையை நிறுத்தி, வகையினைக் குறிப்புமொழியால் உணர்த்தும். தகதகவென மின்னுவது பொன். மினுமினுவென மின்னுவது எண்ணெய் தடவிய தோல். பளபளவென மின்னுவது துலக்கிய செம்பு. பளீரென மின்னுவது கார்கால வானம். இவற்றுள் இரட்டித்து வருவன தொடர்நிகழ்ச்சியையும், இரட்டியாது வரும் பளீர், பளிச்சு என்பன ஒருமுறை நிகழ்ச்சியையும் உணர்த்தும். பளீரென அறைந்தான் என்னுமிடத்து ஒளியே இல்லை. திடீரெனப் புலனைத் தாக்குதலே அச்சொல்லின் உட்பொருள் என்பது அதனால் விளங்கும்.

ஆங்கில மூலத்தில் ‘கிளிட்டர்’ என்னும் வினையும் ‘பிரைட்லி’ என்னும் அடையும் ஒருங்கே வருமாயின், ‘பிரகாசமாக மின்னியது’ என்பர் தமிழாக்குவோர். மூலத்தில் வினைக்குள் அடங்கிய வகைப்பொருள் இதனால் இழக்கப்படுகின்றது. ‘தகதகவென மின்னியது’ எனின் இரண்டும் எய்தும். இரட்டைக்கிளவிகள் பேச்சுவழக்கிற்கே உரியன, உரைநடைக்கு ஏலா என்று கருதுவார் சிலர் உளர். தொல்காப்பியரே அவற்றின் இயல்பினை வரையறுத்து விதி கூறியிருத்தலின் அக்கருத்து வலியுடைத்தன்று.

விளங்க, தெளிவாக

இனி, ஒளிச்சொற்களுள் தலைமை வாய்ந்த ‘விளங்க’ என்பதனை ஆராய்வோம். இதன் குடும்பம் பெரிது. விளங்கு என்பது தன்வினை. விளக்கு என்பது பிறவினை. விளக்கு என்பதே எரியும் பொருளுக்குப் பெயருமாயிற்று. ஆசிரியர் பாட்டின் பொருளை விளக்குகின்றார். இல்லத்தார் பாத்திரம் விளக்குகின்றனர். சிறுவர் காலையில் பல் விளக்குகின்றனர். மாசு நீக்கி ஒளி தோன்றச் செய்தல் என்னும் ஒரு கருத்தே இவை யாவற்றினும் ஊடுருவி நிற்கின்றது. ‘துலக்கு’ என்பதும் இவ்வாறே செம்பையும் துலக்கும், களவின் துப்பையும் துலக்கும்.

குலம் விளங்க என வாழ்த்துதலும், விளங்காதவன் என வைதலும் இச்சொல்லின் மற்றொரு கிளை. ‘அந்த வீடு விளங்குமா?’ என்னும் வினாவில் அறிவும் இல்லை, ஒளியும் இல்லை; வாழ்வு தழைத்தல் என்பதே பொருள். தமிழரது பேச்சில் வாழ்வின் நன்மைக்கு விளக்கே அளவுகோலாக நின்றது.

இச்சொல்லுக்கு நேராக ஆங்கிலத்தில் நிற்றற்குரியது ‘பிரைட்லி’ அன்று, ‘கிளியர்லி’ என்பதேயாம். அச்சொல்லின் இலத்தீன் மூலம் ஒளியுடையது, தெளிந்தது, புகழ்பெற்றது என்னும் பொருள்களை உடையது. ஒளி, பொருட்புலப்பாடு, புகழ் ஆகிய மூன்றும் ‘விளங்க’ என்பதற்கும் உரியன. இருவேறு மொழிகள் ஒரே வழியிற் சென்ற அரிய இடம் இது. ஆயினும் இன்றைய உரைநடையில் அவ்வாங்கிலச் சொல்லுக்கு ‘தெளிவாக’ என்பதே யாண்டும் இடப்படுகின்றது. ‘விளங்க’ என்பது அருகி வருகின்றது.

‘தெளிவு’ நீரின் புலத்திற்குரியது. கலங்கிய நீரில் தேற்றாங்கொட்டையை இழைத்துவிட, மண் அடியிற்படிய நீர் தெளியும். மனம் தெளிதல், மயக்கம் தெளிதல் யாவும் கலக்கம் நீங்குதலையே அடிப்படையாகக் கொண்டன. ‘விளக்கம்’ சுடரின் புலத்திற்குரியது. பாலாறும் செய்யாறும் வேகவதியும் கூடும் திருமுக்கூடலில் நின்று நோக்குவார்க்கு இவ்வேறுபாடு எளிதிற் புலப்படும். ஆற்றில் வெள்ளம் வடிந்தபின் நீர் தெளியும். கரையிலுள்ள வேங்கடேசப் பெருமாள் கோயிலில் ஏற்றிய விளக்கு விளங்கும். நீர் விளங்குவதும் இல்லை. விளக்குத் தெளிவதும் இல்லை.

உவம வேறுபாட்டினும் இலக்கண வேறுபாடு பெரிது. ‘தெளிவாகச் சொன்னான்’ என்னுமிடத்துத் தெளிவு சொல்லுதலின் பண்பு. சொற்கள் ஒழுங்குற அமைந்தன, குரல் தடுமாறவில்லை என்பதனோடு அது நிறைவுறும். கேட்டார் உணர்ந்தாரோ இலரோ என்பது அதன்கண் அடங்காது. ‘விளங்கச் சொன்னான்’ என்னுமிடத்தோ, ‘விளங்க’ என்பது செயவென் வாய்பாட்டு எச்சம். அதற்கு வினைமுதல் பொருள். சொன்னான் என்பதற்கு வினைமுதல் அவன். பொருள் விளங்கும்படி அவன் சொன்னான் என்பது கருத்து. பொருள் விளங்குதற்கு இடம் கேட்போன் உள்ளமே. ஆகவே, கேட்போன் உணராதவழி ‘விளங்கச் சொன்னேன்’ என்று ஒருவன் கூறுதல் இயலாது. ‘தெளிவாகச் சொன்னேன்’ என்று கூறித் தப்பித்தல் இயலும்.

இது வெறும் சொல்லாராய்ச்சி அன்று. அறுவைக்கு முன்னர் நோயாளியிடம் ஒப்பம் பெறும் மருத்துவமனைத் தாளிலும், கடன் முறியிலும், நிலப்பதிவு ஆவணத்திலும், ‘மேற்கண்டவை தெளிவாக எடுத்துரைக்கப்பட்டன’ என்னும் பாங்கில் எழுதுதல் எளிது. அவ்வாறு எழுதிய அளவில் உரைத்தவர் கடமை முடிந்துவிடுகின்றது. ‘எனக்கு விளங்க உரைக்கப்பட்டன’ என்று எழுதின் கேட்டவர் உள்ளமும் சான்றாகவேண்டும். ஒரு வினையடையின் தேர்வு பொறுப்பினை ஒருவரிடமிருந்து மற்றொருவரிடம் மாற்றிவிடுகின்றது. கல்லாதார்க்கும் நோயுற்றார்க்கும் இம்மாற்றம் சிறிதன்று.

திருமுக்கூடற் கல்வெட்டு இதற்கு நல்லதோர் ஒப்பீடு. வீரராசேந்திர சோழன் (1063–1070) காலத்ததான அதனைக் கே. வி. சுப்பிரமணிய ஐயர் எபிகிராபியா இண்டிகா 21ஆம் தொகுதியிற் பதிப்பித்தனர். கோயிலைச் சார்ந்து நடைபெற்ற கல்லூரியையும், மாணவர் விடுதியையும், 15 படுக்கைகள் கொண்ட வீரசோழன் என்னும் ஆதுலசாலையையும் அது குறிக்கின்றது. மருத்துவன், அறுவை செய்வான், மருந்துக்கு வேண்டுவன கொணர்வார், மருந்து அடும் பெண்டிர் ஆகியோர்க்கு உரிய ஊதியத்தினையும், இருப்பில் வைத்தற்குரிய மருந்துகளின் பெயர்களையும் அது நிரல்படக் கூறுகின்றது. ஊதியம் தக்கவாறு வழங்கப்படுக என்று கூறி அமையாது, இன்னார்க்கு இத்துணை நெல், இத்துணைக் காசு என அளந்து கூறும் நெறி அதனுடையது. ஒன்பது நூற்றாண்டுகளுக்குப் பின்னர் அதனைப் படிப்பார்க்கும் அவ்வேற்பாடு விளங்குகின்றது. விளங்கக் கூறுதற்கு வினையடை மட்டும் போதாது; அளவும் பெயரும் வேண்டும் என்பது இதனாற் பெறப்படும்.

சோழர் காலக் கல்வெட்டுக்களிற் பயிலும் வினையடை ஒன்றும் ஈண்டு நினைவுகூரத்தக்கது. நந்தாவிளக்கு ஒன்றுக்கு 96 ஆடுகள் விடப்பட்டு, அவற்றின் பயனாக நாள்தோறும் உழக்கு நெய் அளக்கப்பட்ட செய்தியினைப் பல கல்வெட்டுக்களிற் காண்கின்றோம். அவ்வறம் எத்துணைக் காலம் நிகழவேண்டும் என்பதற்குச் ‘சந்திராதித்தவல்’ என்னும் தொடர் வரும். நிலவும் கதிரவனும் உள்ளவரை என்பது அதன் பொருள். கோயிற்சுடர் ஒன்றின் காலத்தை வானத்துச் சுடர் இரண்டால் அளந்தனர். ஒளிபற்றிய சொற்களே இங்குக் காலத்தை உணர்த்தும் வினையடையாயின.

‘விளங்க’ என்பதன் அறிவுப்பொருள் தமிழ்நாட்டில் அருகினும் ஈழத்தில் அருகவில்லை. தமிழ்நாட்டார் ‘புரிகிறதா?’ என்று வினவுமிடத்து யாழ்ப்பாணத்தார் ‘விளங்குதா?’ என்றே வினவுவர். ஒருபுறம் பேச்சில் உயிர்த்து நிற்கும் ஒரு சொல்லை மறுபுறம் வழக்கிறந்தது எனக் கருதுதல் பொருந்தாது.

அகராதிகள் செய்தனவும் செய்யற்பாலனவும்

பப்பிரிசியர் 1779இல் தமிழ்–ஆங்கில அகராதியினையும், 1786இல் ஆங்கில–தமிழ் அகராதியினையும் வெளியிட்ட காலந்தொட்டு இருமொழி அகராதிப்பணி தொடர்ந்து நடைபெற்று வருகின்றது. வின்சுலோ அகராதி 1862இல் வெளிவந்தது. சென்னைப் பல்கலைக்கழகத் தமிழ்ப் பேரகராதி 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாகவும், 1939இல் அநுபந்தமாகவும் நிறைவுற்றது. அ. சிதம்பரநாதன் செட்டியாரைத் தலைமைப் பதிப்பாசிரியராகக் கொண்டு அப்பல்கலைக்கழகத்தின் ஆங்கில–தமிழ்ச் சொற்களஞ்சியம் 1960களில் வெளிவந்தது. இவற்றின் உழைப்பு அளவிடற்கரியது. எனினும் வினையடைபற்றிய ஒரு குறை இவ்வகராதி மரபில் உண்டு.

பேரகராதி வினைகளைத் தொழிற்பெயர் வடிவில் தலைச்சொல்லாக வைத்தது. ‘மிக’, ‘நிரம்ப’ போன்று பெருவழக்குற்ற எச்சங்கள் சிலவே தனித் தலைச்சொல் ஆயின. விளங்க, துலங்க, மலர, பொலிய என்பன தத்தம் வினையின் உள்ளே மறைந்தன. இலக்கண முறைக்கு இது பொருந்துவதே. ஆயின், ஆங்கில வினையடைக்கு நேர்ச்சொல் தேடுவார் வினையடை வடிவிலேயே தேடுவர். தேடுவார்க்கு ‘ஆக’ ஈற்றுச் சொற்களே எதிர்ப்படும். எச்சங்கள் அடையாய் நிற்கும் ஆற்றல் அவர் கண்ணிற் படாது. 1992இல் முதற்பதிப்பும், 2008இலும் 2020இலும் திருந்திய பதிப்புக்களும் கண்ட க்ரியாவின் தற்காலத் தமிழ் அகராதி, வினையடையைத் தனிச்சொல்வகையாகக் குறித்து வாக்கிய எடுத்துக்காட்டும் தருதலின், இத்துறையில் ஒரு படி முன்னேறியது எனலாம்.

இனி வரும் ஆங்கில–தமிழ் அகராதிகட்கு யாம் கூறவிரும்புவன மூன்று. முதலாவது, ‘பிரைட்லி’ போன்ற சொற்கட்கு ஒரு நேர்ச்சொல் தாராது, விளக்கு, நிறம், முகம், அறிவு என இடம் பகுத்து, ஒளிர, எடுப்பாக, முகமலர்ந்து, கூர்மையாக எனத் தனித்தனியே தருதல் வேண்டும். இரண்டாவது, அடையாக வழங்கும் செயவெனெச்சங்களைத் தலைச்சொல்லாகச் சேர்த்து, அவை எவ்வினைகளோடு சேரும் என்பதனைக் காட்டுதல் வேண்டும். விளங்க என்பது சொல்லுதல், எழுதுதல், காட்டுதல், வாழ்தல் என்பனவற்றோடு சேரும். ஓடுதல், உண்ணுதல் என்பனவற்றோடு சேராது. மூன்றாவது, குறிப்புமொழிகளை அவற்றிற்குரிய பொருளோடு இணைத்துக் காட்டுதல் வேண்டும். செம்பினைத் தகதகவென்றும் பொன்னினை மினுமினுவென்றும் மாற்றி எழுதும் வழு அதனால் நீங்கும்.

‘பிரகாசமாக’ என்னும் சொல்லை விலக்குக என்பது எம் கருத்தன்று. விளக்கு எரியுமிடத்து அது நிற்கட்டும். பூ மலருமிடத்தும் கத்தி கூருமிடத்தும் அதனை நிறுத்துதலே வேண்டாதது. அகராதி செய்வார் பொருளைத் தெளிவாகத் தருதலோடு அமையாது, பயில்வார்க்கு விளங்கத் தருதலையும் தம் கடனாகக் கொள்வரேல், மொழிபெயர்ப்புத் தமிழ் தன் இயல்பினை மீளப் பெறும் என்பது எம் துணிபு.